கடை எண்ணுக்கு வாழைத்தார்

சிங்கப்பூரில் தமிழ்த் தொடர்களுக்கும் குறும்படங்களுக்கும் வேலை செய்கிற எனக்குப் பெரும்பாலும் இரட்டை வேடம். நடிகர் தேர்வும் என் தலையில், ஆர்ட் டிபார்ட்மென்டும் என் தலையில். பட்ஜெட்டில் இரண்டு சம்பளத்துக்கு இடமிருக்காது, அவ்வளவுதான் காரணம். ஆஸ்கரில் கலை இயக்கத்துக்கு 1929இல் நடந்த முதல் விழாவிலேயே விருது கொடுத்துவிட்டார்கள். நடிகர் தேர்வுக்கு 2026 வரை ஆனது. எனக்கு இதில் ஆச்சரியமே இல்லை. சுவர் அழகாக இருந்தால் செட் போட்டது யார் என்று கேட்பார்கள். முகம் பொருந்திவிட்டால் அது நடிகரின் சாமர்த்தியம்.

இளைஞர்கள் கிடைப்பார்கள். அறுபது தாண்டிய அம்மாக்கள்தான் கிடைக்கமாட்டார்கள். பேரப்பிள்ளையைப் பள்ளியிலிருந்து கூட்டி வரணும், வெள்ளிக்கிழமை கோயில், "வீட்டுல கேட்டுச் சொல்றேம்மா." தேக்கா மார்க்கெட்டில் காலையில் நான் மீன் வாங்குவதைவிட முகம் பார்ப்பதுதான் அதிகம். அப்படிப் பிடித்து வந்த ஒரு அம்மா, மார்க்கெட்டில் மீன்காரரைப் பேரத்தில் மடக்கியவர், ஆடிஷன் அறையில் தாளைக் கொடுத்ததும் பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி நிமிர்ந்து நின்று ஒப்பித்தார். என் பையில் வீட்டுக்கு வாங்கிய முருங்கைக்கீரை இருந்தது. தாளை வாங்கிக்கொண்டு கீரைக்கட்டை நீட்டினேன். உட்கார்ந்தார், உருவ ஆரம்பித்தார், இரண்டாவது காம்பில் மருமகளைப் பற்றிப் பேச்சு வந்துவிட்டது. கேமராவை அவர் மறந்தே போனார். அன்றிலிருந்து ஆடிஷனுக்குக் கீரை வாங்காமல் போவதில்லை. மிஞ்சியது இரவுச் சாப்பாட்டுக்கு.

பொருள் தேடுவது முன்பு சுலபம். சுங்கை ரோடு பழைய சாமான் சந்தையில் மங்குத் தட்டு, தூக்குச்சட்டி, ஓடாத கடிகாரம் எல்லாம் ஒரே நடையில் கிடைக்கும். 2017 ஜூலை 10ஆம் தேதியோடு அதை மூடினார்கள். இப்போது யாராவது வீடு மாறுகிறார்கள் என்று கேள்விப்பட்டால் போய் நிற்கிறேன்.

ஒருமுறை 1983இல் நடக்கும் கதை. வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழகம்) அடுக்குமாடி புளோக்கின் கீழே ஒரு மளிகைக் கடை. கல்லாவில் வைக்கப் பறவைப் படம் போட்ட பழைய நோட்டுகளைத் தேடிப் பிடித்தேன். கப்பல் நோட்டு 1984இல்தான் வந்தது. அதில் எனக்குக் கொஞ்சம் கர்வம் உண்டு. கேமரா கல்லா பக்கமே திரும்பவில்லை என்பது வேறு விஷயம்.

கூட்டத்தில் நிற்க வந்த ஒரு ஐயா, அரிசிப் பையைப் பிடித்தபடி கடைப் பலகையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஏம்மா, இந்த நம்பருக்கு அடிச்சா 2002லதான் எடுப்பாங்களா?"

எட்டு இலக்கத் தொலைபேசி எண். கடை, வீட்டுத் தொலைபேசிகளுக்கு அது 2002இல்தான் வந்தது. பக்கத்தில் ஆறு இலக்க அஞ்சல் குறியீடு, அதுவும் 1995இல் வந்தது. அச்சகத்தில் ஏதோ இன்றைய கடைப் பலகையை மாதிரியாக வைத்து அடித்திருக்கிறார்கள். நான் லகர ளகரத்தைச் சரிபார்த்தேன், எண்ணைப் பார்க்கவில்லை. இயக்குநர் ஷாட்டுக்குத் தயார். பெயின்ட் காய நேரமில்லை.

ஐயா பையை இறக்கி வைத்தார். அலங்காரத்துக்கு வைத்திருந்த வாழைத்தாரைத் தூக்கி எண்ணுக்கு முன்னால் கட்டினார். விளக்குமாற்றுக் கட்டு அஞ்சல் குறியீட்டை மறைத்தது. அதோடு விடவில்லை. தராசை இடம் மாற்றினார். "ஒரு கை நிறுக்கும், ஒரு கை கல்லாவுல இருக்கும். இவ்வளவு தள்ளி வச்சா கடைக்காரன் எழுந்து எழுந்து சாவான்." சின்ன வயதில் இப்படி ஒரு கடையில் பொட்டலம் மடித்தவராம். விண்ணப்பத் தாளில் முன் அனுபவம் என்ற இடத்தில் 'இல்லை' என்று எழுதியிருந்தார்.

அடுத்த வேலைக்கு நானே அவரைக் கூப்பிட்டேன். என்ன வேடம், எவ்வளவு சம்பளம் என்றெல்லாம் கேட்கவில்லை.

"எந்த வருஷம்மா?" என்றார்.