அம்மாவின் பொருத்தனையும் தரங்கம்பாடி எருசலேம் ஆலயமும்

2004 டிசம்பர் 26, ஞாயிற்றுக்கிழமை. மட்டக்களப்புக் கல்லடியில் நாங்கள் ஆராதனைக்கு வெளிக்கிட்டுக்கொண்டிருந்த நேரம்தான் கடல் வந்தது. தம்பியைக் காணவில்லை. அன்றிரவு பள்ளிக்கூடமொன்றில் சனத்தோடு சனமாக ஒதுங்கிக் கிடந்தபோது, "என்ட பிள்ளைய உயிரோட தாரும் ஆண்டவரே, தமிழில வேதத்தைத் தந்த ஐயர்ட கோயிலுக்குப் போய் முழங்காலில நிப்பன்" என்று அம்மா பொருத்தனை பண்ணினா. மறுநாள் வாவிப் பக்கத்து ஆட்கள் தம்பியைக் கூட்டிக்கொண்டு வந்தார்கள். காலில் காயம், அவ்வளவுதான். கர்த்தருக்கு ஸ்தோத்திரம்!

அப்புறம் யுத்தம், வீட்டு வேலை, அப்பாவின் வருத்தம் என்று பயணம் தள்ளித் தள்ளிப் போனது. பொருத்தனையைச் செலுத்தத் தாமதிக்கிறோமே என்று அம்மா கலங்காத நாளில்லை. கடைசியில், "இன்னும் பாத்திருந்தா முழங்கால் மடங்காது மகள்" என்றா. உடனே வெளிக்கிட்டோம்.

கொழும்பு, திருச்சி, மயிலாடுதுறை வரை சுகமாகவே போனோம். மயிலாடுதுறையில் எங்கள் பேச்சைக் கேட்டதும் ஆட்டோக்காரர்கள் கூலியை ஏற்றிவிட்டார்கள். பஸ்ஸில் பாதித் தூரம் அம்மா நின்றுகொண்டே வந்தா. சனிக்கிழமை வேறு. திருநள்ளாறு, வேளாங்கண்ணி போகிற வேன்களெல்லாம் தரங்கம்பாடிக் கோட்டை பார்க்க வந்து தெருவை அடைத்து நின்றன. வழிகாட்டி என்று சொல்லிக்கொண்டு ஒருவர் விடாமல் பின்னால் வந்தார். ஆலய வாசலில் படம் எடுக்கும் கூட்டம்; கதவோ பூட்டு. நாளைக்கு ஆராதனைக்கு வாருங்கள் என்றார்கள். எனக்குக் கோபம் வந்தது. "ஞாயிற்றுக்கிழமைக் கடன், ஞாயிற்றுக்கிழமையே தீரட்டும்" என்றா அம்மா.

அம்மா சொன்ன ஐயர் சீகன்பால்கு ஐயர்தான். அவரும் புளுட்சோ ஐயரும் ஜெர்மனியைச் சேர்ந்த மிஷனரிகள்; 1706 யூலை 9 அன்று அவர்கள் வந்து இறங்கிய, அப்போது டேனிஷ்காரர் ஆண்ட ஊர் இது. அவர்கள் 1707இல் கட்டிய முதல் எருசலேம் ஆலயத்தைக் கடல் அழித்துவிட்டது. அதற்காக ஊழியம் நிற்கவில்லை. 1718 ஒக்டோபர் 11 அன்று இந்தப் புதிய எருசலேம் ஆலயத்தைப் பிரதிஷ்டை செய்தார்கள். முகப்பில் டென்மார்க் அரசர் நான்காம் பிரெடெரிக்கின் கிரீடமும் பெயர் முத்திரையும் இருக்கின்றன. டேனிஷ்காரருக்கு அதே தெருவில் 1701இலேயே சீயோன் ஆலயம் இருந்தது. இது தமிழ்ச் சபைக்கென்று எழுந்தது. எங்கள் சனம் கும்பிடுகிற வீட்டுக்கு இத்தனை மரியாதையா என்று நான் அண்ணாந்து பார்த்தபடி நின்றேன்.

உள்ளே சிலுவை வடிவம், நான்கு பக்கமும் சம நீளம். எங்கள் ஊர்க் கோயிலில் பின்வாங்கில் இருப்பவருக்கு முன்னால் இருப்பவர்களின் தலைதான் தெரியும். இங்கே எந்தப் பக்கம் இருந்தாலும் பலிபீடம் கிட்டத்தான்.

அந்தப் பலிபீடத்தருகேதான் சீகன்பால்கு ஐயரின் கல்லறை. 1715இல் தமிழில் புதிய ஏற்பாட்டை அச்சிட்டு முடித்தவர், இந்த ஆலயம் பிரதிஷ்டையாகி ஐந்து மாதம்கூட ஆகுமுன், 1719 பெப்ரவரி 23 அன்று 36 வயதில் கண் மூடினார். ஆராதனை முடிந்ததும் அம்மா அங்கே போய் முழங்காலிட்டா. வலிக்குமே என்று நான் கை கொடுத்தேன், அவ அதைப் பிடிக்கவில்லை. தம்பியின் பெயரைச் சொன்னா. பிறகு சத்தமே இல்லை, கண்ணீர் மட்டும். எவ்வளவு நேரம் என்று நான் பார்க்கவில்லை. அந்தக் கூட்டமும் கூலியும் பஸ்ஸும் எனக்கு எங்கே போனதோ தெரியாது. எங்களைக் காப்பாற்றினவர் இங்கேயும் இருக்கிறார் என்று நெஞ்சு நிறைய உணர்ந்தேன்.

எழும்பும்போது சபையைச் சேர்ந்த ஒரு வயதான அம்மா ஓடி வந்து தாங்கினா. மட்டக்களப்பு என்றதும், "உங்களுக்கும் அன்னிக்குத்தானேம்மா" என்றா. அதே கடல் அதே நாளில் இந்த ஆலயத்துக்குள்ளும் புகுந்திருக்கிறது, பிறகுதான் புதுப்பித்தார்கள். இரண்டு பேரும் வாங்கில் இருந்து கையைப் பிடித்தபடி கனநேரம் கதைத்தார்கள். அந்த அம்மாவுக்கு மகன் கிடைக்கவில்லை. எங்கள் அம்மா அவவுக்காகவும் ஜெபம் பண்ணினா.

ஸ்தோத்திரக் காணிக்கையைப் போட்டுவிட்டு வந்தோம். இப்போது தம்பியும் பிள்ளைகளோடு போகப் பாஸ்போர்ட்டுக்குக் கொடுத்திருக்கிறான். மட்டக்களப்பிலிருந்து போகிறவர்கள் சனிக்கிழமை போய் அலையாமல், ஞாயிறு காலை ஆராதனைக்கே போய்ச் சேருங்கள். கர்த்தர் நல்லவர், எங்கள் வீட்டுக்கு அவர் செய்தது கொஞ்சமல்ல.