"உத்தேசம்" என்ற ஒரு சொல்லுக்காக மூன்று வருஷம்

பதவி உயர்வுப் பட்டியலை, அதாவது பேனலை, முதலில் பார்த்தது நான் இல்லை. தபால் பிரிவுத் தம்பிதான் போன் செய்து, "அண்ணே, கண்காணிப்பாளர் பேனல் வந்துருச்சு, உங்க பேரைக் காணோமே" என்றான். பணிமூப்பில் எனக்கு மேலே இருந்தவர் பெயர் இருந்தது. கீழே இருந்தவர் பெயரும் இருந்தது. நடுவில் என்னை மட்டும் தாண்டிப் போயிருந்தார்கள்.

காரணம் கேட்டு மேலதிகாரிக்கு மனு அனுப்பினேன். பதில் இல்லை. சங்கத்தில் கேட்டால், "பொறுங்க, சென்னையில பேசிக்கிட்டிருக்கோம்" என்றார்கள். நானும் நாலு மாதம் பொறுத்தேன். அது எவ்வளவு பெரிய தப்பு என்று பிறகுதான் தெரிந்தது. இளையவருக்குப் பதவி உயர்வு கொடுத்ததை எதிர்ப்பவர் ஆறு மாதத்துக்குள், மிஞ்சிப்போனால் ஒரு வருஷத்துக்குள் நீதிமன்றத்துக்கு வர வேண்டும் என்று சதாசிவசாமி வழக்கில் உச்ச நீதிமன்றம் 1974-லேயே சொல்லிவிட்டது. அதுவும் தமிழ்நாட்டிலிருந்து போன வழக்குதான். மனு மேல் மனு போட்டுக்கொண்டே இருந்தால் அந்தக் கெடு நீளாது.

தகவல் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி, பேனல் முன்மொழிவின் நகலைக் கேட்டேன். மூன்றாம் நபர் தகவல் என்று முதலில் மறுத்தார்கள். மேல்முறையீட்டில்தான் கிடைத்தது. என் பெயருக்கு நேரே குறிப்புரைக் கலத்தில் ஒரே வரி: "17(ஆ) நடவடிக்கை உத்தேசத்தில் உள்ளது." அதாவது, பெரிய தண்டனைக்கான ஒழுங்கு நடவடிக்கை எடுக்க நினைத்திருக்கிறார்களாம்.

விஷயம் பழசு. இன்னொரு பிரிவை 47 நாள் கூடுதல் பொறுப்பாகப் பார்த்தபோது ஒரு வவுச்சர் இல்லை என்று தணிக்கையில் தடை எழுப்பியிருந்தார்கள். விளக்கம் கேட்டு மெமோ வந்தது, அப்போதே பதில் எழுதிக் கொடுத்துவிட்டேன். அதோடு முடிந்தது என்றுதான் இருந்தேன்.

மதுரையில் வக்கீல் காகிதத்தைப் பார்த்துவிட்டு ஒரே கேள்விதான் கேட்டார். "சார்ஜ் மெமோ கையில வாங்குனீங்களா?"

"இல்ல சார்."

"எனக்கும்தான் மகளுக்குக் கல்யாணம் பண்ண உத்தேசம். அதுக்காக ஊருக்கெல்லாம் பத்திரிகை கொடுத்திட முடியுமா?"

1991-ல் ஜானகிராமன் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதும் ஏறக்குறைய இதுதான். சார்ஜ் மெமோ என்கிற குற்றச்சாட்டுக் குறிப்பாணை கொடுத்த பிறகுதான் நடவடிக்கை தொடங்கியதாகக் கணக்கு. வெறும் விசாரணையைக் காட்டி ஒருவரின் பதவி உயர்வை நிறுத்தி வைக்கக் கூடாது.

முன்பெல்லாம் இதற்கு நிர்வாகத் தீர்ப்பாயம் இருந்தது. அதை மூடிவிட்டதால் நேரே உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட வேண்டியதுதான். முதல் ரிட்டில் கிடைத்தது, "மனுவை எட்டு வாரத்தில் பரிசீலியுங்கள்" என்ற உத்தரவு மட்டும். வெற்றி என்று வீட்டில் கேசரி கிண்டினோம். ஒன்பதாவது வாரம் நிராகரிப்பு ஆணை வந்தது, அதே "உத்தேசம்" என்ற சொல்லோடு. வக்கீல் சிரித்தார். அதுவரை சவால் விட எழுத்தில் எதுவும் இல்லை, இப்போது ஆணையே கையில் இருக்கிறது என்றார். அதை ரத்து செய்யச் சொல்லி இரண்டாவது ரிட்.

இந்த இடத்தில்தான் எனக்குத் தூக்கம் போனது. பதவி உயர்வு வாங்கிய இளையவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும், சேர்க்காவிட்டால் அதைச் சொல்லியே தள்ளுபடி ஆகலாம் என்றார் வக்கீல். அந்த இளையவர் பத்து வருஷம் எனக்கு எதிர் சீட்டில் இருந்தவர். மதியச் சாப்பாட்டில் என் டப்பா ரசம் அவருக்கு, அவர் வீட்டு வற்றல் எனக்கு. கோர்ட் நோட்டீஸ் போன அன்று சாயங்காலமே போன் வந்தது. "நாலாவது எதிர்மனுதாரர் பேசுறேண்ணே" என்றார். கொஞ்ச நேரம் இருவரும் பேசவில்லை. பிறகு, "உங்களுக்கு வந்தா எனக்குப் போயிருமா?" என்று கேட்டார். காலியிடம் இருக்கிறது, உங்களை இறக்கச் சொல்லிக் கேட்கவில்லை என்று மனுவின் கோரிக்கைப் பத்தியை அப்படியே படித்துக் காட்டினேன். நம்பினாரா, தெரியவில்லை. வற்றல் மட்டும் அப்புறம் வரவில்லை.

பதிலுரைக்கு அவகாசம், மறுபடி அவகாசம், நடுவில் கொரோனா, காணொலியில் விசாரணை. கடைசியில் வாதம் பத்து நிமிஷம்கூட நடக்கவில்லை. "சார்ஜ் மெமோ எந்தத் தேதி?" என்று நீதிபதி கேட்டார். அரசு வழக்கறிஞர் கோப்பைப் புரட்டினார். தேதி இருந்தால்தானே?

நிராகரிப்பு ஆணை ரத்து. இளையவர் பதவி உயர்ந்த நாளிலிருந்து எனக்குக் கருத்தியலாக, அதாவது கணக்குக்கு மட்டும், பதவி உயர்வு; பணப்பலன் பொறுப்பேற்ற நாளிலிருந்து மட்டும். இடைப்பட்ட சம்பள வித்தியாசம் போனது போனதுதான். மேல்முறையீடு செய்யலாமா என்று கேட்டதற்கு, "பணிமூப்பு வந்துருச்சுல்ல, பேசாம இருங்க" என்றார் வக்கீல்.

தீர்ப்பு நகலைக் கொடுத்தும் மூன்று மாதம் அசைவில்லை. அவமதிப்பு மனு தாக்கல் செய்த இரண்டாவது வாரம், ஒரு வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஐந்தரைக்கு, ஆணை மின்னஞ்சலில் வந்தது. எடுத்துச் சொன்னது அதே தபால் பிரிவுத் தம்பிதான்.