துடும்பும் சண்டைக் காட்சியும்

அந்தியூர் பக்கம் நோம்பியில் (ஊர்த் திருவிழாவில்) இன்னைக்குத் துடும்பு மேளம். ஆட்டக்காரர் கால் தரையில் பதிந்த அதே நொடியில் அடி விழுந்தது.

சண்டைப் படங்களுக்கு இசை போடுபவரின் வேலையும் இதேதான்: திரையில் குத்து விழும் நொடியில் இசையின் அடியும் விழணும்.

படம் பொதுவாக நொடிக்கு 24 ஃபிரேம், அதாவது 24 தனித்தனிப் படங்கள். டெம்போ, அதாவது இசையின் வேகம், நிமிடத்துக்கு 144 பீட் (தாள அடி) என்று வைத்தால் ஒரு பீட்டுக்குச் சரியாக 10 ஃபிரேம். 120 என்றால் 12. குத்து விழும் ஃபிரேமை எண்ணித்தான் வேகத்தையே முடிவு செய்கிறார்கள்.

இசை போட்டு முடித்தபிறகு எடிட்டிங்கில் 5 ஃபிரேம் வெட்டினால் போதும். 144-ல் அரை பீட் நழுவி, பின்னால் வரும் எல்லா அடியும் தப்பும். எங்கேயாவது அரை பீட்டைக் குறைத்துத்தான் திரும்பப் பிடிக்கணும்.

அப்புறம் அந்தக் குத்துச் சத்தம். அதுவும் பெரிய மேளமும் ஒரே கீழ்ச்சுருதியில் மோதினால் ரெண்டுமே தெளிவாகக் கேட்காது. கைதேர்ந்தவர் அந்த இடத்தில் மேளத்தை நிறுத்திவிடுவார்.

துடும்புக்காரரும் ஆட்டம் திரும்பும்போது ஓர் அடியை விட்டுத்தான் அடுத்ததைப் பிடித்தார். அத்தனை அழகு!