உண்ணும் சோறு, பருகு நீர், தின்னும் வெற்றிலை: தாமிரபரணிக் கரையில் இரண்டு நாள்

எங்கள் ஊர் விளாத்திகுளம் பக்கம். கரிசல் காடு, வானம் பார்த்த பூமி. மழை பெய்தால் கம்பும் உளுந்தும் மிளகாயும் விளையும். பொய்த்துவிட்டால் வேலிக்கருவேலத்தை வெட்டி மூட்டம் போட்டுக் கரி எடுப்பதுதான் பிழைப்பு. இதே தூத்துக்குடி மாவட்டத்தின் தெற்கே தாமிரபரணி ஓடுகிறது. அங்கே நெல், வாழை, வெற்றிலை. 1986-ல் திருநெல்வேலியில் இருந்து பிரித்து, வ.உ.சிதம்பரனார் பெயரில் இந்த மாவட்டத்தை அமைத்தபோது கரிசலும் ஆற்றங்கரையும் சேர்ந்தே வந்தன. ஆனாலும் எங்கள் ஊர்க்காரர்களுக்கு ஆற்றங்கரை என்றால் வேறு நாடு மாதிரிதான்.

அம்மாவுக்கு 73 வயது. எழுதப் படிக்கத் தெரியாது. அவளுடைய அப்பா எங்கள் ஊர்ப் பெருமாள் கோயிலில் மார்கழி பஜனை பாடியவர். அவரிடம் கேட்டுக் கேட்டு அம்மாவுக்குப் பாசுரங்கள் மனப்பாடம். எனக்கு விவரம் தெரிந்த நாளில் இருந்து, தட்டில் கை வைப்பதற்கு முன்னால் அம்மா ஒரு வரி சொல்லுவாள்: "உண்ணும் சோறு பருகு நீர் தின்னும் வெற்றிலையும் எல்லாம் கண்ணன்." நம்மாழ்வார் திருவாய்மொழியில் திருக்கோளூரைப் பாடிய பாசுரத்தின் தொடக்கம் அது. தட்டில் இருப்பது கம்பங்கூழாக இருந்தாலும் அதேதான் சொல்லுவாள். அவள் சின்னப் பிள்ளையாக இருந்தபோது நெல்லுச்சோறு தீபாவளிக்கும் பொங்கலுக்கும்தான். குடிக்க ஊருணித் தண்ணீர். வெற்றிலை வேண்டுமென்றால் சந்தைக்குப் போகிறவர்கள் வாங்கி வர வேண்டும்.

"அந்தப் பாட்டுல வர்ற ஊரு நம்ம ஜில்லாவுலதான இருக்கு? ஒருக்கா கூட்டிட்டுப் போயேன்" என்று பல வருஷமாகக் கேட்டுக்கொண்டிருந்தாள். இந்தத் தை மாதம்தான் வாய்த்தது. அத்தையும் சேர்ந்துகொண்டாள். வாடகைக்கு ஒரு கார், ஓட்ட எங்கள் தெருத் தம்பி. நவதிருப்பதி என்கிற ஒன்பது பெருமாள் கோயில்களுக்கு ஒரு நாள், திருச்செந்தூர் ஒரு நாள் என்று கணக்கு.

விடிவதற்கு முன்பே கிளம்பினோம். நான்கு வழிச் சாலையைக் கடந்து தெற்கே இறங்கினதும் காற்றே மாறிவிட்டது. ஜன்னல் கண்ணாடியை இறக்கச் சொல்லிவிட்டு அம்மா மூக்கை வெளியே நீட்டி, "சேத்து வாசம்" என்றாள்.

முதலில் ஸ்ரீவைகுண்டம். ஆதிசேஷன் குடை பிடிக்க வைகுண்டநாதர் நின்ற கோலத்தில் இருக்கிறார். உற்சவருக்குக் கள்ளப்பிரான் என்று பெயர். திருடியதில் பாதியைக் கோயிலுக்குக் கொடுத்து வந்த ஒருவனைக் காப்பாற்ற, பெருமாளே அவன் வேஷத்தில் அரசன் முன்னால் போய் நின்றார் என்பது கதை. இப்போது பலரும் இந்த ஒன்பது கோயில்களையும் நவகிரகத் தலங்களாகக் கருதித்தான் வருகிறார்கள். இது சூரியன், அடுத்தது சந்திரன் என்று பலகையே இருக்கிறது. அப்படி வருவதில் தப்பில்லை. ஆனால் நாங்கள் வந்தது ஆழ்வார் பாடிய ஊர் என்பதற்காக. ஒன்பதில் இரட்டைத் திருப்பதி இரண்டும் 108 திவ்ய தேசக் கணக்கில் ஒன்றாகத்தான் சேரும்.

ஸ்ரீவைகுண்டம் அணைதான் தாமிரபரணியின் கடைசி அணைக்கட்டு. ஆற்றில் மொத்தம் எட்டு அணைகள். முதல் ஏழும் பழைய காலத்தவை, எட்டாவதான இது ஆங்கிலேயர் காலத்தில் கட்டியது. இதில் இருந்து வடகால், தென்கால் என்று இரண்டு வாய்க்கால்கள் பிரிந்து போய்க் குளங்களை நிரப்புகின்றன. பொதிகையில் பிறந்து சுமார் 128 கிலோமீட்டர் ஓடி வரும் ஆறு, இதற்கப்புறம் கொஞ்ச தூரத்தில் புன்னைக்காயல் பக்கம் கடலில் சேர்ந்துவிடும். அணைக்கு மேல் தேங்கி நின்ற தண்ணீரை அம்மா வெகு நேரம் பார்த்துக்கொண்டிருந்தாள். அத்தை கையெடுத்துக் கும்பிட்டாள்.

நத்தத்தில் விஜயாசனப் பெருமாளைச் சேவித்துவிட்டுத் திருப்புளியங்குடிக்குப் போனோம். பூமிபாலகர் பள்ளிகொண்ட பெருமாள். உள்ளே நின்று முகத்தைப் பார்த்துவிட்டு, வெளியே பிராகாரத்தைச் சுற்றி வந்தால் சுவரில் ஒரு ஜன்னல். அதன் வழியாகத்தான் திருவடி தெரியும். அம்மா கம்பியில் முகத்தை ஒட்டவைத்துப் பார்த்தாள். உள்ளே விளக்கு வெளிச்சத்தில் பாதம் மட்டும். மாலை சரிந்து விரல் மேல் ஒரு துளசி கிடந்தது. "இம்புட்டுக் கிட்டத்துல" என்றாள். பின்னால் நின்றவர்களுக்கு வழி விட்டுவிட்டு, திரும்பவும் வரிசையில் போய் நின்று இன்னொரு தடவை பார்த்தாள்.

இரட்டைத் திருப்பதியை முடித்துப் பெருங்குளம் போகும்போது, இந்தப் பக்கம்தான் சிவகளை இருக்கிறது என்று அம்மாவிடம் சொன்னேன். சிவகளையில் தமிழகத் தொல்லியல் துறை தோண்டியபோது ஒரு முதுமக்கள் தாழிக்குள் நெல் உமி கிடைத்தது. ஆய்வுக்கு அனுப்பியதில் அதன் காலம் கி.மு. 1155 என்று வந்ததை 2021-ல் சட்டமன்றத்தில் அறிவித்தார்கள். கிட்டத்தட்ட 3,200 வருஷம். ஆற்றுக்குத் தென்கரையில் ஆதிச்சநல்லூர். 1876-ல் ஜெர்மனியைச் சேர்ந்த ஜாகோர் அங்கே முதலில் தோண்டினார். அப்புறம் அலெக்சாண்டர் ரீ தோண்டினார். இப்போது தாழிகளை எடுத்த குழியிலேயே விட்டு, மேலே கண்ணாடி போட்டு அருங்காட்சியகமாக வைத்திருக்கிறார்கள். இதையெல்லாம் நான் சொல்லச் சொல்ல அம்மா கேட்டுக்கொண்டே வந்தாள். கடைசியில், "செத்தவங்களுக்கும் நெல்லு வச்சுத்தான் அனுப்பியிருக்காங்க, பாத்தியா" என்றாள். அந்த உமியைப் பற்றி நான் படித்த எதுவும் இந்த ஒரு வார்த்தை மாதிரி மனசில் தங்கவில்லை.

பெருங்குளத்தில் மாயக்கூத்தர் சந்நிதியில் நடை சாத்தப் போகிற நேரம். "சீக்கிரம் வாங்கோம்மா" என்று பட்டர் கூப்பிட்டுத் தீர்த்தமும் சடாரியும் கொடுத்தார். எந்தப் பெருமாள் கோயிலிலும் தலையில் வைக்கும் அந்தச் சடாரிக்குச் சடகோபம் என்று பெயர். சடகோபர் என்றால் நம்மாழ்வார்தான்.

மதியம் ஏரலில் சாப்பிட்டோம். சேர்மன் அருணாசல சுவாமி கோயில் இருக்கிற ஊர். சேர்மனாக இருந்த ஒருவரைச் சாமியாகக் கும்பிடும் ஊர் வேறு எங்கேயும் உண்டா என்று எனக்குத் தெரியவில்லை. ஆடி அமாவாசைக்குக் கூட்டம் தாங்காது. சாப்பாட்டுக் கடையில் சுவரைக் காட்டி, "தண்ணி இது வரைக்கும் நின்னுச்சு அண்ணாச்சி" என்றார் பரிமாறியவர். என் நெஞ்சு உயரத்துக்குக் கோடு. 2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் பெய்த மழை. காயல்பட்டினத்தில் மட்டும் ஒரே நாளில் 95 சென்டிமீட்டர். ஏரல் பாலம் அடித்துக்கொண்டு போனது. திருச்செந்தூரில் இருந்து சென்னைக்குக் கிளம்பிய ரயில் ஸ்ரீவைகுண்டத்தோடு நின்றது. சுமார் 800 பேர் அதில் இருந்தார்கள். ரயிலில் மாட்டிக்கொண்டவர்களுக்குப் பக்கத்து ஊர்க்காரர்கள், தங்கள் வீட்டுக்குள்ளும் வெள்ளம் வந்த நிலையில், இருந்த அரிசியைப் பொங்கிப் போட்டார்கள். அம்மா சாப்பிடாமல் இதைக் கேட்டுக்கொண்டிருந்தாள். அப்புறம் தன் வரியைச் சொல்லிவிட்டு, முதல் கவளத்தை எடுத்தாள்.

தென்கரைக்கு வந்தோம். கடம்பா குளம் நிரம்பி, கரையை ஒட்டி நாரைகள். வயல் முழுக்கக் கதிர் வெளிவரும் பயிர். தென்திருப்பேரையில் கருடன் பெருமாளுக்கு நேர் எதிரே இல்லாமல் சற்று விலகி இருக்கிறார். தெருவில் பிள்ளைகள் விளையாடுவதைப் பார்க்க வேண்டும், கொஞ்சம் தள்ளி இரு என்று பெருமாள் சொன்னாராம். ஆழ்வாரும் வேத ஒலியோடும் விழா ஒலியோடும் பிள்ளைகள் விளையாடும் ஒலியையும் சேர்த்துத்தான் இந்த ஊரைப் பாடினார். நாங்கள் போனபோது சந்நிதித் தெருவில் நாலைந்து பையன்கள் கிரிக்கெட் ஆடிக்கொண்டிருந்தார்கள்.

திருக்கோளூரை நெருங்கும்போது அம்மா பேச்சை நிறுத்திவிட்டாள். சின்ன ஊர். வழி நெடுக வாழை. வாய்க்காலில் தண்ணீர் சத்தம். கோயிலில் எங்களையும் சேர்த்துப் பத்துப் பேர்கூட இல்லை. வைத்தமாநிதிப் பெருமாள் படுத்திருக்கிறார். தலைக்கு அடியில் தலையணை இல்லை, தானியம் அளக்கும் மரக்கால். குபேரன் இழந்த நவநிதிகளைப் பாதுகாத்து அளந்து கொடுத்த களைப்பில் அதையே தலைக்கு வைத்துப் படுத்தார் என்கிறது தலவரலாறு. பட்டர் தீபத்தைத் தலைப்பக்கம் காட்டி, "மரக்கால் தெரியறதா பாருங்கோ" என்றார்.

எங்கள் வீட்டுப் பரணில் ஒரு மரக்கால் கிடக்கிறது. பித்தளைப் பூண் போட்டது. கம்பு அளந்தது. அம்மாவின் அப்பா பயன்படுத்தியது. அம்மா அந்தத் தீபத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள். பாசுரத்தைச் சொல்ல ஆரம்பித்தாள். வீட்டில் ஒரு வரியோடு நிறுத்துகிறவள், இங்கே முழுப் பாட்டையும் சொன்னாள். கண்கள் நீர்மல்கி என்று வரும் இடத்தில் அவளுக்குக் குரல் கம்மியது. பட்டர் தீபத்தை இறக்காமல் அது முடியும் வரை பிடித்துக்கொண்டே நின்றார்.

அந்த இடத்தில்தான் எனக்கு ஒன்று உறைத்தது. ஆழ்வார் பெரிய பெரிய உவமை எதையும் தேடிப் போகவில்லை. காலையில் இருந்து நான் கார் ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டு வந்த நெல்லும் வாய்க்காலும்தான் அந்தப் பாட்டு. அவர் ஊர்க்காரர்கள் தினமும் வாயில் போட்டதைச் சொல்லி, அதுதான் கண்ணன் என்றார். எங்கள் கரிசலில் அம்மா அதைக் கம்பங்கூழுக்கு முன்னால் உட்கார்ந்து சொல்லி வந்திருக்கிறாள்.

இந்த ஊரில்தான் ராமானுஜர் ஒரு பெண்ணைச் சந்தித்தார். ஊரை விட்டுப் போகிறாயே என்று கேட்டவரிடம், 81 வாசகங்களில் அடியார்கள் செய்ததையெல்லாம் அடுக்கி, அவர்களைப் போல நான் என்ன செய்தேன், முயல் புழுக்கை வரப்பில் கிடந்தால் என்ன, வயலில் கிடந்தால் என்ன என்றாளாம். ராமானுஜர் அவள் வீட்டுக்குப் போய் அவள் கையால் அமுது செய்தார். இது அத்தைக்கு ரொம்பப் பிடித்துவிட்டது. வரப்பு, புழுக்கை என்று காட்டில் வேலை செய்த பெண் பேசும் பேச்சு அல்லவா. காரில் இரண்டு தரம் திரும்பச் சொல்ல வைத்தாள்.

ஆழ்வார்திருநகரிக்கு வரும்போது இருட்டத் தொடங்கியிருந்தது. குழந்தையாக வந்த நம்மாழ்வார் 16 ஆண்டுகள் பேசாமல் இருந்த புளியமரத்துக்கு உறங்காப்புளி என்று பெயர். ராத்திரியிலும் இலை மூடாதாம். திருக்கோளூர்க்காரரான மதுரகவி வடநாட்டில் இருந்து ஒரு ஒளியைப் பின்தொடர்ந்து வந்து நின்றதும் இந்த மரத்தடியில்தான். ஆழ்வாரின் திருமேனி வேண்டும் என்று மதுரகவி தாமிரபரணித் தண்ணீரைக் காய்ச்சினார், அதில் இருந்துதான் விக்கிரகம் வந்தது என்று சொல்கிறார்கள். அவர் பாடியது வெறும் 11 பாசுரம். பெருமாளைப் பாடாமல் தன் குருவை மட்டும் பாடியவர். நாதமுனிகள் அதை 12,000 தடவை சொல்லித்தான் தொலைந்துபோன ஆழ்வார்களின் நாலாயிரம் பாசுரங்களையும் மீட்டார் என்பது மரபு. மரத்தடியில் உட்கார்ந்து அம்மா இலைகளை நிமிர்ந்து பார்த்தாள். விரிந்துதான் இருந்தன.

ராத்திரி திருச்செந்தூரில் தங்கினோம். காலையில் கடலில் குளித்து, நாழிக்கிணற்றுக்குப் போனோம். ஒரு கிணற்றுக்குள் ஒரு சாண், இரண்டு சாண் அளவில் இன்னொரு கிணறு. கைக்கெட்டும் தூரத்தில் உப்புக் கடல், இங்கே நல்ல தண்ணீர். அம்மா உள்ளங்கையில் ஏந்தி ஒரு வாய் குடித்துப் பார்த்தாள். முருகனைப் பார்க்க மூன்று மணி நேரம் ஆனது. பன்னீர் இலையில் விபூதி வாங்கி முந்தானையில் முடிந்துகொண்டாள்.

திரும்பும் வழியில் ஆத்தூரில் வண்டியை நிறுத்தச் சொன்னேன். ஆத்தூர் வெற்றிலைக்கு 2023-ல் புவிசார் குறியீடு கிடைத்திருக்கிறது. கொடிக்காலுக்குள் நுழைந்தால் வெயிலே தெரியவில்லை. வரிசை வரிசையாக அகத்தி, ஒவ்வொன்றிலும் கொடி ஏறியிருக்கிறது. நடுவே வாய்க்காலில் கணுக்கால் அளவுத் தண்ணீர். கிள்ளிக்கொண்டிருந்த அம்மா ஒருவர், எங்கே இருந்து வருகிறோம் என்று விசாரித்தார். திருக்கோளூர் போய்விட்டு வருகிறோம் என்றதும், "அப்ப வெறுங்கையோட போகக் கூடாதே தாயி" என்று ஒரு கவுளி கட்டிக் கொடுத்தார். காசு வாங்கவில்லை. வாழைச் சருகில் சுற்றி, வாய்க்காலில் ஒரு முக்கு முக்கி, மடியில் வைத்தார்.

முக்காணிப் பாலத்தில் ஆற்றைத் தாண்டினோம். தூத்துக்குடி உப்பளங்களில் வெள்ளை வெள்ளையாக அம்பாரம். அதற்கப்புறம் கரிசல். மிளகாய் பழுத்துச் சிவந்து கிடந்தது. வீட்டுக்கு வந்ததும் அம்மா தெருவில் இருந்த பத்து வீட்டுக்கும் வெற்றிலையும் விபூதியும் கொடுத்துவிட்டு வந்தாள். பரணில் இருந்த மரக்காலை இறக்கித் துடைக்கச் சொன்னாள்.

மறுநாள் காலை எங்கள் ஊர்ப் பெருமாள் கோயில் படியில் இரண்டு வெற்றிலை இருந்தன. ஓரம் லேசாக வாடியிருந்தது. அம்மா செம்பில் இருந்து தண்ணீர் தெளித்துவிட்டு, நேராக வைத்துவிட்டு வந்தாள்.