ஆறாம் மாடிக் குறிப்புகள்

3.6.2024, திங்கள்

இந்தக் கட்டடத்தில் லிஃப்ட் கிடையாது. ரங்கூன் நடுநகரின் பழைய கட்டடங்கள் பலவும் இப்படித்தான். அதற்காகவே கயிறு. ஒவ்வொரு பால்கனியிலிருந்தும் தெருவரை ஒன்று தொங்கும். நுனியில் கிளிப், மேலே மணி. கீழே இழுத்தால் மணி அடிக்கும். பேப்பரோ சாப்பாட்டுப் பொட்டலமோ மாட்டிவிட்டால் மேலே இழுத்துக்கொள்ளலாம். காலையில் அவித்த பட்டாணி விற்கும் அம்மா என் முகத்தைப் பார்த்ததில்லை. பையில் காசு இறங்குகிறது, பட்டாணியும் மீதிச் சில்லறையும் ஏறுகின்றன. "ஆறாம் மாடி, பச்சைக் கயிறு." அவருக்கு நான் அவ்வளவுதான். மோல்மேன் பக்கம் எங்கள் ஊரில் என்றால், சந்தைக்குப் போய்த் திரும்புவதற்குள் "கல்யாணம் எப்போ?" என்று நாலு பேராவது கேட்டிருப்பார்கள்.

6.6.2024, வியாழன்

சுற்று ரயிலில் சும்மா ஏறினேன். முழுச் சுற்று 46 கிலோமீட்டர். எதிரே ஒரு பெரியவர், நெற்றியில் விபூதி. தமிழில் பேசலாமா என்று யோசித்துக்கொண்டே இருந்தேன். இன்சீனில் இறங்கிப் போய்விட்டார்.

9.6.2024, ஞாயிறு

தம்பி வந்திருக்கிறான். ராத்திரி வெளியாள் யார் தங்கினாலும் வார்டு அலுவலகத்தில் எழுதிக்கொடுக்க வேண்டும். இந்த விதியை 2016-இல் தளர்த்தியிருந்தார்கள், 2021 பிப்ரவரியில் ராணுவம் ஆட்சியைப் பிடித்ததும் திரும்ப வந்துவிட்டது. பெயர், அடையாள அட்டை எண், என்ன உறவு, எத்தனை நாள்... எதிர்வீட்டுக்காரர் இதில் ஒன்றைக்கூடக் கேட்டதில்லை. அவர் இருக்கட்டும், நல்ல மனிதர்!

14.6.2024, வெள்ளி

அனோரத்தா சாலை காளி கோயில். "யாரு வீட்டுப் பொண்ணு நீ?" என்றார் ஒரு பாட்டி. 1931 கணக்கெடுப்பில் இந்த நகரத்தில் பாதிக்கு மேல் இந்தியர்கள். 1964-இல் கடைகளை அரசு எடுத்துக்கொண்டதும் கப்பல் கப்பலாகப் போனார்கள். தன் தெருவிலிருந்து போனவர்களை வீடு வீடாகப் பெயர் சொல்லி அடுக்கினார் பாட்டி. இப்போது அந்த வீடுகளில் யார் இருக்கிறார்கள் என்றேன். "யாருக்குத் தெரியும்?" என்று சொல்லிவிட்டு எண்ணெய் ஊற்றப் போய்விட்டார்.

16.6.2024, ஞாயிறு

கரண்ட் வந்தது நள்ளிரவு ஒரு மணிக்கு. வந்த நேரத்தில் மோட்டார் போட்டால்தான் மேல்மாடிக்குத் தண்ணீர். நான்காம் மாடி அக்கா கதவைத் தட்டி, மோட்டார்க் கணக்கு நோட்டை நீட்டினார். ஆறாம் மாடிக்கு எதிரே இன்னும் பழைய குடித்தனக்காரர் பெயர். மாற்றட்டுமா என்று கேட்டார். வேண்டாம் என்றேன். அவர் பெயரிலேயே பணம் கட்டிவிட்டேன்.