கேமராவை விழுங்கிய ஆள்

கல்யாண வீடியோ எடுப்பதுதான் என் பிழைப்பு. வளசரவாக்கம், போரூர் பக்கத்து மண்டபங்களில் என்னைத் திட்டாத பெரியவர்கள் குறைவு. "தம்பி, தாலி கட்டுறதை நாங்க பார்க்க வேணாமா? நகருப்பா" என்று லென்ஸுக்கு நேரே கையை நீட்டிக்கொண்டு வருவார்கள். ஜேம்ஸ் வில்லியம்சன் 1901-இல் எடுத்த 'தி பிக் ஸ்வாலோ' என்ற குட்டிப் படத்தைப் பார்த்தபோது, அட, நம்ம ஆள் என்று சிரித்துவிட்டேன்.

தன்னைப் படம் பிடிக்காதே என்று ஒருவர் கத்திக்கொண்டே கேமராவை நோக்கி வருகிறார். நிற்கவே இல்லை. முகம், அப்புறம் வாய் மட்டும், பிறகு ஒரே இருட்டு. அந்த இருட்டுக்குள் கேமராவும் கேமராமேனும் தலைகுப்புற விழுகிறார்கள். ஆள் திருப்தியாக மென்றுகொண்டே பின்னால் போகிறார். மொத்தமே ஒரு நிமிடச் சமாச்சாரம்.

கட் எங்கே என்று எடிட் டைம்லைனில் போட்டு ஒவ்வொரு ஃபிரேமாக நகர்த்தினேன். வாயின் கறுப்பிலிருந்து கறுப்புப் பின்னணிக்குத் தாவியிருக்கிறார் வில்லியம்சன். இதையேதான் நாங்களும் செய்கிறோம்: மாப்பிள்ளையின் கோட் வரைக்கும் கேமராவைக் கொண்டுபோய் முட்டி, ரிசப்ஷன் மேடையில் வெளியே எடுப்போம். அதற்குத் தனியாகக் காசும் வாங்குவோம். வில்லியம்சன் இங்கிலாந்தின் ஹோவ் ஊரில் மருந்துக்கடை வைத்திருந்தவர்!

அதே வட்டாரத்து ஜார்ஜ் ஆல்பர்ட் ஸ்மித், 1900-இல் பாட்டியின் பூதக்கண்ணாடி வழியாகப் பேரன் பார்ப்பதைக் காட்டினார். கறுப்பு அட்டையில் வட்ட ஓட்டை போட்டு லென்ஸ் முன்னால் வைத்தால் பூதக்கண்ணாடி தயார். அந்த வட்டத்துக்குள் பாட்டியின் கண் உருளுவது கொஞ்சம் பயமாகவே இருக்கிறது.

ஆனால் எனக்குப் பிடித்தது செசில் ஹெப்வொர்த் அதே ஆண்டில் எடுத்த 'ஹவ் இட் ஃபீல்ஸ் டு பி ரன் ஓவர்'. நடுரோட்டில் கேமரா. முதலில் ஒரு குதிரை வண்டி ஒதுங்கிக் கடந்து போகிறது. கில்லாடித்தனமே அந்த வண்டிதான். அடுத்து வருகிற காரும் ஒதுங்கிவிடும் என்று நம்பி உட்கார்ந்திருப்போம். அது நேரே நம் மேலேயே ஏறுகிறது. திரை கறுத்து, கையால் எழுதிய ஒரு வரி சொல் சொல்லாகப் பளிச்சிட்டு மறைகிறது. நிறுத்தி நிறுத்திப் பார்த்தால்தான் படிக்க முடியும்.