நூல் தெரியும் ராக்கெட்

மார்ச் 8, 2025, சனி

பன்னிரண்டு மணி நேரம் ஒரே ஷாட். ஹீரோ மொட்டை மாடியிலிருந்து அடுத்த மாடிக்குத் தாவுகிறார். முதுகில் கட்டிய ரோப் இரண்டையும் பிரேம் பிரேமாக அழிக்க வேண்டும். ஒயர் ரிமூவல்தான் ஒன்பது வருடமாக என் பிழைப்பு. திரும்பி வருகிற கரெக்‌ஷன் எல்லாவற்றிலும் ஒரே வரிதான் இருக்கும்: "இன்னும் ரியலா வேணும்."

வீட்டுக்கு வரும்போது ஒன்பதரை. மகள் தூங்கவில்லை. "படம் போடுறேன்னு சொன்னீங்கல்லப்பா." சொல்லியிருந்தேன். 1980-இல் வந்த ‘ஃபிளாஷ் கார்டன்’ போட்டேன். எனக்கு இது எத்தனையாவது தடவை என்று கணக்கில்லை, அவளுக்கு முதல் தடவை.

மோங்கோ கிரகத்துச் சக்கரவர்த்தி மிங்குக்குப் பொழுது போகவில்லை. விளையாட என்ன இருக்கிறது என்கிறான். பூமி என்று ஒன்று இருக்கிறது என்கிறார்கள். அவன் முன்னால் ஒரு பலகை, அதில் வரிசையாகப் பொத்தான்கள், ஒவ்வொன்றிலும் ஒரு பேரழிவின் பெயர். நிலநடுக்கத்துக்கு ஒரு பொத்தான், சூடான ஆலங்கட்டி மழைக்கு ஒன்று. "அவனுக்கு எப்படிப்பா இங்கிலீஷ் தெரியும்?" என்றாள். நான் வாயைத் திறப்பதற்குள் குவீன் இசைக்குழுவின் தம் தம் தம் ஆரம்பித்துவிட்டது. கேள்வியை அங்கேயே விட்டுவிட்டுப் போர்வையை இழுத்துக்கொண்டு முன்னால் வந்து உட்கார்ந்தாள்.

அரண்மனையில் கதாநாயகன் உலோக உருண்டையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, காவலர்களை அமெரிக்க ஃபுட்பால் ஆடுகிற மாதிரி முட்டித் தள்ளுகிறானே, அதுவரை பார்த்தாள். அப்புறம் தூங்கிவிட்டாள்.

மார்ச் 9, ஞாயிறு

மீதியைக் காலையில் பார்த்தோம். பறவை மனிதர்கள் கூட்டமாக வானத்தில் பாய்ந்து வருகிற இடத்தில் சோபாவில் ஏறி நின்றுவிட்டாள். முடிந்ததும் கேட்டாள்: "இவ்ளோ வேஷம் போட்டுக்கிட்டு இவங்க யாருமே ஏன்ப்பா சிரிக்கல?"

நாள் பூராவும் இந்தக் கேள்விதான் மண்டைக்குள் ஓடியது. மிங்காக நடித்தவர் மாக்ஸ் வான் சிடோ. 1957-இல் சுவீடன் இயக்குநர் பெர்க்மன் படத்தில் மரணத்தோடு சதுரங்கம் ஆடிய அதே மனிதர். கழுத்துக்குப் பின்னால் கோபுரமாக எழும் காலரும் தரையைக் கூட்டும் அங்கியுமாக வருகிறார். அந்த உடுப்புக்குள் இருந்துகொண்டு ஒரு வசனத்தைக்கூட அவர் லேசாகச் சொல்லவில்லை. பெர்க்மனுக்குக் கொடுத்த கவனம் அப்படியே இங்கேயும் இருக்கிறது. பறவை மனிதர்களின் தலைவனாக வரும் பிரையன் பிளஸ்ட், கார்டன் உயிரோடு இருக்கிறானா என்று ஒரு வரி கர்ஜிக்கிறார். நாற்பது வருடத்துக்கு மேலாகியும் ரசிகர்கள் அவரை எங்கே பார்த்தாலும் அதைத்தான் சொல்லச் சொல்லிக் கேட்டார்கள்.

உடையும் அரங்கமும் டனிலோ டொனாட்டி. இத்தாலிய இயக்குநர் ஃபெலினியோடு வேலை செய்தவர், உடை வடிவமைப்புக்காக இரண்டு ஆஸ்கர் வாங்கியவர். படத்தை நிறுத்தி நிறுத்தி ஓரத்தில் நிற்கும் காவலாளியின் தலைக்கவசத்தைப் பாருங்கள். ஒரு நொடி வந்து போகிறவனுக்கும் அத்தனை வேலைப்பாடு. மலிவான படம் என்று இதை ஒதுக்குகிறவர்கள்மேல் எனக்கு நிஜமாகவே கோபம் வரும்.

மார்ச் 12, புதன்

மதியச் சாப்பாட்டின்போது ஆபீஸ் தம்பி ஒருவனிடம் சொன்னேன். "அதாண்ணே, செம மொக்கையா இருக்கும், கலாய்ச்சுக்கிட்டே பாக்கலாம்" என்றான். கலாய்ப்பதற்காக ஒரு படத்தை எத்தனை தடவை பார்க்க முடியும்? ஒரு தடவை, மிஞ்சினால் இரண்டு. அதற்கப்புறமும் பிடித்து வைக்கிற ஏதோ ஒன்று அதில் இருந்தாக வேண்டும்.

சின்ன வயதில் சேலத்துப் பக்கம் தெருக்கூத்து பார்த்திருக்கிறேன். துரியோதனன் கட்டியிருக்கும் புஜக்கட்டையும் கிரீடமும் மரம், மேலே ஒட்டியிருப்பது கண்ணாடித் துண்டு. முன் வரிசையில் உட்கார்ந்திருக்கும் கிழவிக்கும் அது தெரியும். ஆனால் திரையை விலக்கிக்கொண்டு அவன் ஒரு சுற்று சுழன்று வந்து நின்றால் மரம் மறைந்துவிடும். ராஜா அந்தக் கட்டையில் இல்லை, அந்தச் சுழற்சியில் இருக்கிறான். மிங்கின் காலரும் அப்படித்தான். விட்டலாச்சார்யா படத்தில் மோகினி அடுப்பில் விறகுக்குப் பதில் தன் காலை நீட்டியபோது கொட்டகையில் யாரும் தந்திரத்தை ஆராயவில்லை.

மார்ச் 14, வெள்ளி

இரவு 1936-இன் பழைய ‘ஃபிளாஷ் கார்டன்’ தொடரை எடுத்தேன். யுனிவர்சல் எடுத்தது, மொத்தம் 13 பாகம். அலெக்ஸ் ரேமண்ட் 1934-இல் பத்திரிகையில் வரைய ஆரம்பித்த சித்திரக்கதைதான் மூலம். நாயகன் பஸ்டர் கிராப், 1932 ஒலிம்பிக்கில் நீச்சலில் தங்கம் வாங்கியவர். ஒவ்வொரு பாகமும் உயிர் போகிற இடத்தில் நிற்கும், மிச்சம் அடுத்த வாரம். ஜார்ஜ் லூகாஸ் இந்தக் கதையைத்தான் முதலில் படமாக்க நினைத்தார், உரிமை கிடைக்கவில்லை. கிடைக்காத ஏக்கத்தில் அவராக எழுதியதுதான் 1977-இன் ‘ஸ்டார் வார்ஸ்’. முந்தின கதையைச் சொல்லியபடி எழுத்துகள் மேலே நகர்ந்து போகிறதே, அது நேராக இந்தத் தொடர்களிலிருந்து வந்தது.

ராக்கெட்டைத்தான் நான் கண் எடுக்காமல் பார்த்தேன். கம்பியில் தொங்கும் பொம்மை, வாலில் மத்தாப்பு மாதிரிப் பொறி. பின்னால் போக வேண்டிய புகை நேராக மேலே ஏறுகிறது, ஊதுபத்திப் புகை மாதிரி. விண்வெளியில் ஏது மேல், ஏது கீழ்? ஆனால் ஸ்டூடியோவில் உண்டு, சூடான காற்று மேலேதான் போகும். தொண்ணூறு வருடத்துக்கு முன்னால் ஒரு அறைக்குள் இருந்த காற்று அந்த பிரேமில் இன்னும் இருக்கிறது. என் கையில் அந்த ஷாட் வந்தால் கம்பியோடு சேர்த்து அதையும் துடைத்திருப்பேன்.

மார்ச் 16, ஞாயிறு

1980 படத்தில் மோங்கோவின் வானம் சிவப்பும் ஊதாவும் ஆரஞ்சுமாகக் கொதித்துக்கொண்டே இருக்கும். அது தண்ணீர்த் தொட்டிக்குள் சாயத்தை விட்டு எடுத்தது. கம்ப்யூட்டர் கிடையாது. நாமும் செய்வோம் என்றேன். பரணில் மீன் தொட்டி சும்மா கிடந்தது.

சூத்திரம் இதுதான்: கீழே உப்புத் தண்ணீர், மேலே நல்ல தண்ணீர். உப்புத் தண்ணீர் கனம், அதனால் இரண்டும் லேசில் கலக்காது. நடுவில் கண்ணுக்குத் தெரியாத ஒரு தரை உண்டாகும். மேலே விடுகிற பால் இறங்கி வந்து அந்தத் தரையில் முட்டி, கீழே போக முடியாமல் பக்கவாட்டில் பரவும். அதுதான் மேகம்.

கல் உப்பு ஒரு கிலோவை பத்து லிட்டரில் கரைத்து, பழைய வேட்டியில் வடிகட்டி, ராத்திரியே தெளிய வைத்திருந்தோம். அவசரப்பட்டு நல்ல தண்ணீரை வாளியோடு சாய்த்தேன், எல்லாம் கலங்கிப் போனது. இரண்டாவது தடவை மகள் ஒரு தெர்மகோல் துண்டை மிதக்கவிட்டு, அதன்மேல் டம்ளர் டம்ளராக ஊற்றினாள். முக்கால் மணி நேரம். ஒரு வார்த்தை பேசவில்லை.

பாலில் கேசரிப் பவுடர் கலந்து இங்க் ஃபில்லரில் எடுத்துச் சொட்டினோம். முதல் சொட்டு ஒரு காளான் மாதிரித் தலைகீழாக இறங்கியது. தரையைத் தொட்டதும் விளிம்பு சுருண்டு, சுருளுக்குள் சுருள் விரிந்து, தொட்டியின் அந்தக் கோடி வரை பரவியது. போனில் ஸ்லோ மோஷன் வைத்து, கண்ணாடிக்குப் பின்னால் டார்ச் பிடித்தேன். மெதுவாக ஓட்டும்போது நாலு விரல்கடை மேகத்துக்கு நாலு மைல் கனம் வந்துவிடுகிறது. "மோங்கோ" என்று குசுகுசுத்தாள், சத்தம் போட்டால் கலைந்துவிடும் என்பது மாதிரி.

மார்ச் 19, புதன்

சேலத்திலிருந்து அப்பா போன். ராக்கெட் படம் பார்க்கிறோம் என்றதும், "எங்கூர்ல எடுக்காததா கண்ணு" என்று ஆரம்பித்துவிட்டார். மாடர்ன் தியேட்டர்ஸ் அமெரிக்கக் கம்பெனியோடு சேர்ந்து 1952-இல் எடுத்த ‘காடு’. ஆங்கிலத்தில் ‘தி ஜங்கிள்’. ஆதிகால மாமத் வர வேண்டும், என்ன செய்வது? நம் யானைக்கே சடைசடையாக ரோமம் கட்டி விட்டார்கள். யானைக்குத் தைத்த அந்தச் சட்டையை நினைத்தாலே எனக்குக் கைகூப்பத் தோன்றுகிறது.

அதில் நடித்த சீசர் ரொமேரோதான் 1966-இல் தொலைக்காட்சி ‘பேட்மேன்’ தொடரில் ஜோக்கர். மீசையை எடுக்க மாட்டேன் என்றுவிட்டார், அதன்மேலேயே வெள்ளைப் பூச்சு பூசினார்கள், உற்றுப் பார்த்தால் தெரியும். அந்தத் தொடரை எழுதி உருவாக்கிய லோரென்சோ செம்பிள்தான் பின்னால் ‘ஃபிளாஷ் கார்டன்’ திரைக்கதையும் எழுதினார். சேலத்து யானையிலிருந்து மோங்கோ வரைக்கும் ஒரு வழி இருக்கிறது என்று அப்பாவிடம் சொன்னேன். அவருக்கு ஆச்சரியமே இல்லை.

"எம்ஜியாரு வேத்துக்கிரகம் போனாரே, மறந்துட்டியா?" 1963, ‘கலை அரசி’, பானுமதி பாடகி. வேற்றுக்கிரகத்துக்காரர்கள் பூமியை அழிக்க வரவில்லை. அவர்கள் ஊரில் கலை வளரவில்லை, கற்றுக்கொடுக்க ஒரு பாடகியைத் தூக்கிக்கொண்டு போக வருகிறார்கள். உலகத்தில் எத்தனையோ படையெடுப்புக் கதை இருக்கிறது. பாட்டுக்காக ஒரு கிரகம் ஏங்குகிற கதையை எண்ணிப் பார்த்தவர்கள் நம்மவர்கள்.

மார்ச் 22, சனி

எனக்கு உறுத்துகிற ஒன்றையும் எழுதி வைக்க வேண்டும். மிங் என்ற பெயர், தொங்கு மீசை, வளைத்த புருவம். 1930-களின் அமெரிக்காவில் சீனர்கள்மேல் இருந்த வெறுப்பு வரைந்த முகம் அது. 2020-இல் படம் புதுப்பித்து வந்தபோது பிரிட்டிஷ் தணிக்கை அமைப்பு இதைப் பார்வையாளர்களுக்கு முன்கூட்டியே சொன்னது, சரியாகவே செய்தது. மகளிடமும் சொன்னேன். வகுப்பில் அவளைக் கறுப்பி என்று கூப்பிட்ட நாள் அவளுக்கு ஞாபகம் வந்திருக்க வேண்டும், கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தாள். பிறகு, "நம்ம படத்துல ராஜாவுக்கு மூஞ்சியே வேணாம், முகமூடி மட்டும் போதும்" என்றாள். அட்டையில் வெட்டி, சாக்லேட் தங்கத் தாளை ஒட்டினாள். படத்தின்மேல் என் பிரியம் போய்விடவில்லை. அந்த முகத்தை மட்டும் இனிமேல் பழைய மாதிரிப் பார்க்க முடியாது.

மார்ச் 23, ஞாயிறு

இன்று ஷூட்டிங். ராக்கெட் ஒரு பழைய பேனா மூடி, மூக்கில் ஊசி. தைக்கிற நூலில் கட்டி, தொட்டிக்கு முன்னால் மகள் பிடித்துக்கொண்டாள். பின்னால் கேசரி வானம். மூன்றாவது டேக்கில் மேகம் விரிகிற நொடியும் ராக்கெட் நுழைகிற நொடியும் ஒத்து வந்தன. பதினொரு வினாடி. லேப்டாப்பில் போட்டுப் பார்த்தேன். வெள்ளை நூல் பளிச்சென்று தெரிகிறது. எடுக்கப் பத்து நிமிடம்கூட ஆகாது. எடுக்காமல் அப்படியே அப்பாவுக்கு அனுப்பினேன்.

ஐந்து நிமிடத்தில் கூப்பிட்டார். மேகம் பால்தானே என்றார், கண்டுபிடித்துவிட்டார். "நூல் தெரியுதுப்பா, அழிச்சுட்டு அனுப்பட்டுமா?" என்று கேட்டேன்.

"அது கெடக்குது கண்ணு. ராக்கெட்டு எங்க போவுது, அதச் சொல்லு."

மகள் போனைப் பிடுங்கிக்கொண்டு பால்கனிக்குப் போனாள். இதை எழுதி முடிக்கும்போது மணி ஒன்பது. தாத்தாவும் பேத்தியும் இன்னும் பேசி முடிக்கவில்லை.